டிக்கெட் கிடைக்கவில்லையா? வழக்கு அதோடு முடிந்துவிடாது

ரயிலில் இருந்து விழுந்து இறந்தவரின் குடும்பத்தார் என்னிடம் வந்து உட்கார்ந்ததும் பெரும்பாலும் முதலில் சொல்வது, "டிக்கெட் கிடைக்கலைங்க சார்" என்பதுதான். டிக்கெட் இல்லையென்றால் ரயில்வேயிடமிருந்து இழப்பீடு ஒன்றும் கிடைக்காது என்று யாரோ சொல்லியிருப்பார்கள். அதை நம்பியே மாதக்கணக்கில் சும்மா இருந்திருப்பார்கள்.

அது தவறு. ரீனா தேவி வழக்கில் 2018-ல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கிவிட்டது. டிக்கெட் கிடைக்காததால் மட்டும் இறந்தவர் முறையான பயணி இல்லை என்று தள்ளிவிட முடியாது. குடும்பத்தார் நடந்ததைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்தால், அதை மறுத்து நிரூபிக்கும் பொறுப்பு ரயில்வேக்குப் போய்விடும். அதே சமயம், தண்டவாளத்தருகே உடல் கிடந்தது என்பது மட்டும் அவர் பயணி என்பதற்குச் சாட்சியாகிவிடாது. எங்கிருந்து எங்கே போனார், எதற்குப் போனார், டிக்கெட் எடுத்ததை யார் பார்த்தார் என்பதைச் சொல்லியாக வேண்டும்.

ஆகவே கைபேசியைப் பத்திரமாக வையுங்கள். செயலியில் எடுத்த டிக்கெட்டோ சீசனோ அதில் இருக்கலாம். சிம் கார்டையும் உடனே முடக்கிவிடாதீர்கள்.

என் அனுபவத்தில், வழக்கைக் கெடுப்பது டிக்கெட்டைவிட முதல் நாள் வாக்குமூலம்தான். பிணவறை வாசலில் மைத்துனரோ தம்பியோ நிற்பார். ரயில்வே போலீசார், "வீட்டுல ஏதாவது பிரச்சினையா? கடன் இருந்துச்சா? குடிப்பாரா?" என்று கேட்பார்கள். அது அவர்கள் வேலை. இவர் அழுகையோடு, "கொஞ்ச நாளா மனசு சரியில்லாமத்தான் இருந்தார்" என்பார். எழுதியதைப் படித்துப் பார்க்காமல் கையெழுத்தும் போட்டுவிடுவார். பின்னால் இழப்பீட்டு மனுவை விசாரிக்கும் தீர்ப்பாயத்தில் அந்த ஒரு வரியை வைத்துத்தான் தற்கொலை என்று ரயில்வே தரப்பு வாதாடும். "தண்டவாளத்தைக் கடக்கும்போது அடிபட்டு" என்று பதிவானாலும் இதே சிக்கல்தான். படித்துக் காட்டச் சொல்லுங்கள். உங்களுக்குத் தெரியாததைத் தெரியாது என்றே சொல்லுங்கள். உண்மையில் தண்டவாளத்தைக் கடந்தபோதுதான் அடிபட்டார் என்றால், பயணிக்கான இந்த இழப்பீடு பொருந்தாது. அதை மறைத்துக் கதை கட்ட நான் யாருக்கும் துணைபோவதில்லை.

"வாசல்ல நின்னது அவர் தப்புதானே சார்" என்று தயங்குகிறவர்களும் உண்டு. இந்த இழப்பீட்டுக்கு வழி செய்யும் ரயில்வே சட்டம் 124-ஏ பிரிவு ரயில்வேயின் தவறைத் தேடுவதில்லை. பயணியின் கவனக்குறைவு காரணமாகவும் இழப்பீட்டை மறுப்பதில்லை. திறந்த கதவருகே நிற்பது அஜாக்கிரதையாக இருக்கலாம், குற்றச் செயல் ஆகாது என்று 2010-ல் ஜமீலா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஏறும்போதோ இறங்கும்போதோ தவறி விழுந்தாலும் இதே பிரிவுதான். 2018 ஜூலையில் பரங்கிமலை நிலையத்தில் படியில் தொங்கிச் சென்றவர்கள் சுவரில் மோதி இறந்ததை இன்னும் மறக்க முடியவில்லை. நெரிசல் நேரத்து மின்சார ரயிலில் உள்ளே நகர இடமிருந்தால் பலர் வாசலில் நிற்கவே மாட்டார்கள். தற்கொலை, தனக்குத்தானே செய்துகொண்ட காயம், சொந்தக் குற்றச் செயல், குடிபோதையிலோ மனநிலை பிறழ்ந்தோ செய்த செயல், இயற்கை மரணம் அல்லது நோய் ஆகியவைதான் விலக்குகள்.

2017 ஜனவரி 1 முதல் உயிரிழப்புக்கான தொகை 8 லட்சம் ரூபாய். முன்பு 4 லட்சம். இறந்தவரின் வருமானம் இதில் கணக்கில்லை. விபத்தன்று அறிவிக்கப்படும் கருணைத் தொகை வேறு. அதை வாங்கியதோடு எல்லாம் முடிந்தது என்று நினைத்துவிடாதீர்கள். மனைவி அல்லது கணவர், மகன், மகள் ஆகியோர் கேட்கலாம். இறந்தவர் மணமாகாதவரென்றால் பெற்றோர் கேட்கலாம். மணமானவரின் பெற்றோர், அவரைச் சார்ந்து வாழ்ந்ததைக் காட்ட வேண்டும்.

மனுவை ரயில்வே இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் ஓராண்டுக்குள் தாக்கல் செய்ய வேண்டும். தமிழ்நாட்டுக்குச் சென்னையில் அமர்வு இருக்கிறது. கெடு தாண்டியிருந்தாலும் தக்க காரணம் காட்டித் தாமதத்தை மன்னிக்கக் கேட்கலாம். முதல் தகவல் அறிக்கை, பிரேத விசாரணை அறிக்கை, பிரேதப் பரிசோதனைச் சான்று, வாரிசுச் சான்றிதழ் ஆகியவற்றின் நகல்களை இப்போதே கேட்டு வாங்குங்கள். தீர்ப்பாயம் மனுவைத் தள்ளினால் 90 நாட்களுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம்.

பிணவறை வாசலிலேயே தேடி வந்து, "பாதி எனக்கு" என்று பேரம் பேசும் தரகர்களிடம் வெற்றுத்தாளிலோ காசோலையிலோ கையெழுத்துப் போடாதீர்கள். வழக்கறிஞருக்குப் பணம் கொடுக்க வசதியில்லாத பெண்கள் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகினால் இலவசமாகவே உதவி கிடைக்கும்.