மிஞ்சிய பண்டிகை வான்கோழியில் தாய்லாந்து பாணி துளசிக் கிளறல்: சுவையும் பாதுகாப்பும்

ஆறேழு கிலோ வான்கோழியை எட்டுப் பேர் உட்கார்ந்து சாப்பிட்டாலும் ஒரு பெரிய பாத்திரம் நிறையக் கறி மிஞ்சும். அமெரிக்காவில் தேங்ஸ்கிவிங் முடிந்ததும், பிரிட்டனிலும் கனடாவிலும் கிறிஸ்துமஸ் முடிந்ததும் வீடுதோறும் இதுதான் நிலை. மறுநாள் சாண்ட்விச், அடுத்த நாள் சூப், அதற்கப்புறம் யாருக்கும் அந்தப் பாத்திரத்தைத் திறக்கவே மனம் வராது. உப்பும் மிளகும் வெண்ணெயும் மட்டும் தடவிச் சுட்ட கறி, காரத்துக்குப் பழகிய நாக்குக்கு இரண்டாம் வேளையே அலுத்துவிடும். பூண்டு, பச்சை மிளகாய், ஃபிஷ் சாஸ், துளசி போட்டுப் பெருந்தீயில் கிளறும் தாய்லாந்து முறை இதற்கு நன்றாகப் பொருந்துகிறது. அடுப்பில் ஐந்து நிமிட வேலைதான். ஆனால் அந்தக் கறி கிளறுவதற்குத் தகுதியானதா என்பது விருந்து நடந்த இரவே முடிவாகிவிடுகிறது.

விருந்து இரவு

பறவையை முழுதாக மேசையில் வைத்துவிட்டு மூன்று நான்கு மணி நேரம் பேசிக்கொண்டிருப்பதுதான் பெரும்பாலான வீடுகளில் நடக்கும் தவறு. அடுப்பிலிருந்து எடுத்ததும் இரண்டு மணி நேரத்துக்குள் கறி ஃப்ரிட்ஜுக்குள் போயாக வேண்டும். 4 டிகிரி முதல் 60 டிகிரி செல்சியஸ் வரையிலான சூட்டில் கிருமிகள் வேகமாகப் பெருகும். இங்கே முதன்மையான எதிரி க்ளாஸ்ட்ரிடியம் பெர்ஃப்ரிஞ்சன்ஸ் என்னும் பாக்டீரியா. இதன் வித்துகள் அடுப்புச் சூட்டையும் தாங்கிப் பிழைக்கும். கறி மெல்ல ஆறும்போது அவை முளைக்கும். சாதகமான சூட்டில் ஏறக்குறையப் பத்து நிமிடத்துக்கு ஒருமுறை இரட்டிக்கும். அந்தக் கறியைச் சாப்பிட்ட 6 முதல் 24 மணி நேரத்துக்குள் வயிற்றுப் பிடிப்பும் பேதியும் வரும். அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையம், இந்தக் கிருமியால் வரும் தொற்றுகள் நவம்பரிலும் டிசம்பரிலும் அடிக்கடி நேர்வதாகச் சொல்கிறது. வான்கோழி விருந்துகள் நடக்கும் மாதங்களும் அவைதான்.

"சூடாக ஃப்ரிட்ஜில் வைக்கக் கூடாது, நன்றாக ஆறிய பிறகுதான் வைக்க வேண்டும்" என்று நம் வீடுகளில் சொல்வார்கள். இந்தப் பழக்கத்தை விட்டுவிடுங்கள். கறியை எலும்பிலிருந்து பிரித்து, 5 சென்டிமீட்டருக்கு மேல் உயரம் போகாதபடி அகலமான டப்பாக்களில் பரப்பி, இளஞ்சூட்டோடேயே உள்ளே வையுங்கள். முழுப் பறவையை அப்படியே வைத்தால் வெளிப்புறம் சில்லிட்டிருக்கும், நெஞ்செலும்பை ஒட்டிய கறியோ மணிக்கணக்கில் வெதுவெதுப்பாகவே இருக்கும். ஆழமான பாத்திரத்தில் குவித்து வைத்தாலும் இதே கதைதான்.

இரண்டு மணி நேரம் தவறிவிட்டால், "நன்றாகக் கொதிக்க வைத்தால் சரியாகிவிடும்" என்று தேற்றிக்கொள்ள வேண்டாம். பிரிக்கும்போது கையிலிருந்து கறியில் ஏறும் ஸ்டஃபைலோகாக்கஸ் உருவாக்கும் நச்சு, கிருமி செத்த பிறகும் சூட்டைத் தாங்கி நிற்கும். முகர்ந்து பார்த்தும் பயனில்லை. நோய் தரும் கிருமிகள் பெரும்பாலும் வாடையை மாற்றுவதே இல்லை.

சரியாக வைத்த கறி, 4 டிகிரியிலோ அதற்குக் கீழோ இருந்தால், மூன்று முதல் நான்கு நாள் தாங்கும். தேங்ஸ்கிவிங் வியாழக்கிழமை வருவதால் திங்கள்கிழமைதான் கடைசி. பிரிட்டனில் உணவுத் தர முகமை இரண்டே நாள்தான் சொல்கிறது. சிறு குழந்தைகளோ கர்ப்பிணிகளோ வயதானவர்களோ இருக்கும் வீட்டில் அந்தக் கணக்கையே பின்பற்றுவது நல்லது. அதற்குள் தீராது என்று தெரிந்தால் முதல் நாளே 300 கிராம் பைகளாகப் பிரித்து, காற்றை வெளியேற்றித் தட்டையாக ஃப்ரீசரில் வைத்துவிடுங்கள். தட்டையான பை முந்தைய இரவு ஃப்ரிட்ஜுக்கு மாற்றினால் காலைக்குள் இளகிவிடும். சமையல் மேடையில் வைத்து இளக்காதீர்கள்.

வெந்த கறி, பச்சைக் கறி அல்ல

தாய்லாந்தின் தெருக்கடைகளில் பத் க்ரபாவ் என்ற பெயரில் கிடைக்கும் துளசிக் கிளறலுக்குப் பச்சைக் கறியைத்தான் கொத்தியோ மெல்லிதாக அரிந்தோ போடுவார்கள். அது வாணலியிலேயே வெந்து, தன் சாற்றை விட்டு, அந்தச் சாறே குழம்பாகும். நம்மிடம் இருப்பது ஒருமுறை வெந்து சாறு இழந்த கறி. அதே செய்முறையை அப்படியே பின்பற்றினால் நார்நாராக, மரத்தூள் போல ஆகிவிடும். ஆகவே மூன்று மாற்றங்கள் தேவை: கறி கடைசியில் போக வேண்டும், ஈரத்தை நாம்தான் கொடுக்க வேண்டும், உப்பைக் குறைக்க வேண்டும்.

தொடைக்கறி இதற்கு மிகவும் ஏற்றது. கொழுப்பும் இணைப்புத் திசுவும் கூடுதலாக இருப்பதால் மறுபடி சூடேற்றினாலும் மெத்தென்று இருக்கும். நெஞ்சுக்கறிதான் மிச்சம் என்றால், நாரின் ஓட்டத்துக்குக் குறுக்கே அரை சென்டிமீட்டர் கனத்தில் அரியுங்கள். கத்தியைக் கொஞ்சம் சாய்த்துப் பிடித்தால் அகலமான வில்லைகள் வரும். கையால் பிய்த்தால் நீள நார்கள் தனித்தனியாகி இன்னும் வேகமாக உலரும். கனம் அரை சென்டிமீட்டரைத் தாண்டினாலும் சிக்கல். கிளறும் இரண்டு நிமிடத்தில் சூடு நடுவரை எட்டாது.

அரிந்த 300 கிராம் கறியில் ஒரு டீஸ்பூன் சோள மாவு, இரண்டு டேபிள்ஸ்பூன் தண்ணீர் விட்டுப் பிசறுங்கள். கறி வைத்த டப்பாவின் அடியில் கட்டியாக உறைந்த சாறு இருந்தால் தண்ணீருக்குப் பதில் அதையே போடுங்கள். எலும்பிலிருந்து இறங்கிய ஜெலட்டின் அது. எந்தக் கடை சாஸும் அதற்கு ஈடாகாது. மைதா போட்ட கிரேவி வேண்டாம், வாணலியில் ஒட்டிப் பிடிக்கும்.

இரண்டு நாள் ஃப்ரிட்ஜில் இருந்த வான்கோழிக்கு ஒரு சிக்கு வாடை வரும். கெட்டுப்போனதன் அறிகுறி இல்லை அது. கறி வேகும்போது தசையிலிருந்து விடுபடும் இரும்பு, கொழுப்பைக் காற்றோடு சேர்த்து ஆக்சிஜனேற்றம் செய்வதால் வருவது. டப்பாவை இறுக்கமாக மூடினால் குறையும். பூண்டும் மிளகாயும் மீன் சாஸும் அதை அடக்கிவிடும். இந்தக் கிளறலை நாங்கள் பரிந்துரைப்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

வாணலிக்கு முன்னால்

இரண்டு மூன்று பேருக்கு 300 கிராம் கறி போதும். ஆறு பல் பூண்டும் நான்கு ஊசிமிளகாயும் சிறு உரலில் போட்டுக் கரகரப்பாக இடியுங்கள். மிக்ஸியில் விழுதாக அரைத்தால் தண்ணீர் விட்டு, வதங்காமல் வேகும். பீன்ஸ் 100 கிராம், ஒரு விரற்கடை நீளத்துக்கு நறுக்குங்கள். பாதி வெங்காயம், நீளவாக்கில். ஒரு கிண்ணத்தில் ஆய்ஸ்டர் சாஸ் ஒரு டேபிள்ஸ்பூன், ஃபிஷ் சாஸ் இரண்டு டீஸ்பூன், அடர் சோயா சாஸ் அரை டீஸ்பூன், சர்க்கரை ஒரு டீஸ்பூன், தண்ணீர் இரண்டு டேபிள்ஸ்பூன் கலந்து வையுங்கள். துளசி ஒரு கைப்பிடி, காம்பு நீக்கியது.

தாய்லாந்தில் இதற்குப் போடும் க்ரபாவும் நம் மாடத்துத் துளசியும் ஒரே தாவர இனம்தான். வீட்டுத் துளசிக்குக் கிராம்பு மணமும் கசப்பும் சற்றுத் தூக்கலாக இருக்கும், பாதி அளவு போடுங்கள். வெளிநாட்டுக் கடைகளில் தாய் பேசில் என்று விற்பது இனிப்பு மணமுள்ள வேறு இலை. அதுவும் நன்றாகத்தான் இருக்கும், அளவைக் குறைக்க வேண்டியதில்லை.

அடுப்பைப் பற்ற வைக்கும் முன் எல்லாம் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கட்டும். புகைபோக்கி விசிறியையும் போட்டுவிடுங்கள். இடித்த மிளகாய் சூடான எண்ணெயில் விழுந்தால் வீடே இருமும்.

வாணலியைப் பெருந்தீயில் நன்றாகக் காயவைத்து ஒன்றரை டேபிள்ஸ்பூன் கடலை எண்ணெய் விடுங்கள். எண்ணெய் மினுங்கி நெளியத் தொடங்கியதும் பூண்டும் மிளகாயும். இருபது முப்பது விநாடிக்குள் மணம் எழும். பூண்டின் ஓரம் பொன்னிறமாகும் அந்தக் கணத்திலேயே வெங்காயமும் பீன்ஸும் போய்விட வேண்டும், தாமதித்தால் பூண்டு கசக்கும். ஒரு டேபிள்ஸ்பூன் தண்ணீர் தெளித்து இரண்டு நிமிடம் கிளறுங்கள். பீன்ஸ் பளிச்சென்ற பச்சைக்கு மாறி, கடித்தால் நறுக்கென்று இருக்கட்டும்.

இப்போது கறி. ஒரே அடுக்காகப் பரப்பி அரை நிமிடம் தொடாதீர்கள். பிறகு சாஸை வாணலியின் ஓரத்தைச் சுற்றி ஊற்றி, புரட்டி, ஒரு நிமிடம் மூடுங்கள். நிஜமான கிளறலில் மூடி கிடையாதுதான். ஆனால் நீராவி கறியை உலர்த்தாமல் உள்வரை சூடாக்கும், மிச்சக் கறிக்கு அது வேண்டும். மூடியைத் திறந்து மறுபடி அரை நிமிடம் கிளறினால் சாஸ் பளபளப்பாகக் கறியில் ஒட்டும். துண்டுகளை ஒரு குவியலாக ஒதுக்கி, நடுவில் வெப்பமானியைச் செருகிப் பாருங்கள். 74 டிகிரி செல்சியஸ், அதாவது 165 ஃபாரன்ஹீட் காட்ட வேண்டும். தீயை அணைத்த பிறகே துளசி. இலை சுருண்டால் போதும். அரை எலுமிச்சையையும் அப்போதுதான் பிழிய வேண்டும், கொதிக்கும்போது பிழிந்தால் மணம் போய்விடும்.

வாணலியில் தண்ணீர் தேங்குகிறதா? கறி அதிகம். ஃப்ரிட்ஜிலிருந்து வந்த அரைக் கிலோவை ஒரே நேரத்தில் கொட்டினால் வீட்டு அடுப்பின் சூடு தாங்காது. கிளறலுக்குப் பதில் அவியல்தான் நடக்கும். அதிகம் பேர் இருந்தால் இரண்டு முறையாகச் செய்யுங்கள். சாஸ் கருகி ஒட்டினால் சர்க்கரை முன்கூட்டியே போயிருக்கும், அல்லது சாஸில் தண்ணீர் சேர்க்காமல் விட்டிருப்பீர்கள்.

உப்பு உறுத்தினால் பறவையின் உறையைப் பாருங்கள். அமெரிக்காவில் விற்கும் உறைந்த வான்கோழிகள் பலவற்றில் உப்புக் கரைசல் ஏற்கனவே ஏற்றப்பட்டிருக்கும், எத்தனை சதவீதம் என்று உறையிலேயே அச்சிட்டிருப்பார்கள். அப்படிப்பட்ட பறவை என்றாலும், வீட்டில் உப்புநீரில் ஊறவைத்தது என்றாலும், ஃபிஷ் சாஸை ஒரு டீஸ்பூனாகக் குறைத்துவிட்டுக் கடைசியில் ருசி பார்த்துச் சேருங்கள். ஒரு டேபிள்ஸ்பூன் ஃபிஷ் சாஸில் ஏறக்குறைய 1,400 மில்லிகிராம் சோடியம் இருக்கிறது. உலக சுகாதார நிறுவனம் ஒரு பெரியவருக்கு நாள் முழுவதற்கும் சொல்லும் உச்சவரம்பே 2,000 மில்லிகிராம்தான். ரத்த அழுத்தம் உள்ளவர்கள் தட்டில் கூடுதல் சாஸ் ஊற்றிக்கொள்ளும் பழக்கத்தைத் தவிர்த்து, எலுமிச்சையைக் கூட்டிக்கொள்ளலாம். விருந்தினர் இருந்தால் ஒவ்வாமையையும் கேளுங்கள்: இந்த ஒரு கிண்ணச் சாஸில் மீன், சிப்பி, சோயா, கோதுமை நான்கும் இருக்கின்றன.

சோறு அன்றே வடித்ததாக இருக்கட்டும். மிஞ்சிய கறியோடு, வெளியே கிடந்த பழைய சோற்றையும் சேர்ப்பது ஆபத்து. சோற்றில் பேசிலஸ் சீரியஸ் என்னும் பாக்டீரியா உருவாக்கும் வாந்தி நச்சு சூடாக்கினாலும் அழியாது. நிறைய எண்ணெயில் ஓரம் மொறுமொறுக்கப் பொரித்த முட்டையை மேலே வைப்பது தாய்லாந்து வழக்கம். மஞ்சள் கரு உடைந்து, உலர்ந்த நெஞ்சுக்கறிக்கும் ஈரம் தரும். கர்ப்பிணிகளுக்கும் குழந்தைகளுக்கும் கரு கெட்டியாகும்வரை பொரித்துக் கொடுங்கள்.

அந்த வேளைக்குத் தேவையான கறியை மட்டும் டப்பாவிலிருந்து எடுங்கள், கிளறியது மிஞ்சினால் மறுபடி ஃப்ரிட்ஜுக்கு அனுப்பாதீர்கள். சதை பிரித்த எலும்புக்கூட்டை இஞ்சியோடு இரண்டு மணி நேரம் கொதிக்கவைத்து வடிகட்டி, ஐஸ் தட்டில் ஊற்றி உறையவையுங்கள். அடுத்த பையைக் கிளறும்போது சாஸில் தண்ணீருக்குப் பதில் இரண்டு கட்டி போடலாம்.