பூவில் உட்காராத ஈ

தென்னாப்பிரிக்காவின் வடமேற்கே நமாக்வாலாந்து என்றொரு வறண்ட நிலப்பகுதி உள்ளது. கோடை முழுவதும் கல்லும் மணலுமாகக் கிடக்கும் அந்நிலம், குளிர்கால மழை போதிய அளவு பெய்த ஆண்டுகளில், ஆகஸ்ட், செப்டம்பர் மாதங்களில் கண்ணுக்கெட்டிய தொலைவு வரை ஆரஞ்சும் மஞ்சளுமாகப் பூத்துவிடுகிறது. அங்கே பூக்கும் காட்டு டெய்சிகளுள் ஒன்றுதான் கோர்ட்டீரியா டிஃப்யூசா. மழையில் முளைத்து, பூத்து, விதை முற்றியதும் அந்தப் பருவத்தோடு மடிந்துவிடும் தாழ்வான செடி அது.

சூரியகாந்தியும் கரிசலாங்கண்ணியும் சேர்ந்த அதே குடும்பம் என்பதால், பார்வைக்கு ஒரு பூவாகத் தெரிவது பல சிறுமலர்கள் கூடிய பூந்தலை. சுற்றிலும் இதழ்போல் விரிந்திருப்பவை கதிர்ச் சிறுமலர்கள், நடுவில் நெருங்கியிருப்பவை வட்டத்தட்டுச் சிறுமலர்கள். முற்றிய பூந்தலை சிதறாமல் முழுதாக உதிர்கிறது. விதைகள் அந்தக் கூட்டுக்குள்ளிருந்தே முளைக்கின்றன. ஆகவே இளஞ்செடியைப் பிடுங்கிப் பார்த்தால், தாய்ச்செடியின் பழைய பூந்தலை வேரைக் கவ்வியபடி இருப்பதைக் காணலாம்.

இச்செடியின் உண்மையான வியப்பு கதிர்ச் சிறுமலர்களின் அடிப்பகுதியில் இருக்கிறது. சில வட்டாரங்களில், ஒரு பூந்தலையின் ஓரிரு கதிர்களில் மட்டும் கரும்பச்சை நிறப் புள்ளிகள் தடித்துப் புடைத்திருக்கும். அவற்றின் மேல், புற ஊதா ஒளியையும் எதிரொளிக்கும் வெண்பொட்டுகள் ஈயின் உடல்மினுப்பைப் போலவே பளிச்சிடும். மெகாபால்பஸ் கேப்பென்சிஸ் என்னும் சிறிய கரிய ஈயின் ஆண், அதைப் பெண் ஈ என்றே எண்ணி இறங்கி இணைசேர முயல்கிறது. அந்தத் தடுமாற்றத்தில் உடலில் ஒட்டிய மகரந்தத்தை அடுத்த பூவுக்குக் கொண்டுபோகிறது. இத்தகைய காம ஏமாற்றுக்குப் பெயர்பெற்றவை ஆர்க்கிட் செடிகள். ஒரு டெய்சி அதைச் செய்வது மிக அரிது.

இவ்வளவு நுட்பமான போலியைச் செய்யப் புதிய மரபணுக்கள் தேவைப்பட்டிருக்கும் என்றுதான் நமக்குத் தோன்றும். 2023-இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் கண்டறிந்ததோ வேறு: செடியிடம் ஏற்கெனவே இருந்த மூன்று மரபணுத் தொகுதிகளே பூவில் புதிய வேலைக்கு அமர்த்தப்பட்டிருந்தன. இரும்பை இடம்பெயர்த்துக் கையாளும் மரபணுக்கள், சிவந்த ஊதாவாகத் தோன்ற வேண்டிய நிறமியை ஈக்குரிய நீலப்பச்சையாக மாற்றுகின்றன. வேர்த்தூவிகளை வளர்க்கும் மரபணுக்கள், இதழ்ப்பரப்பின் செல்களை மேடாக உயர்த்திப் புள்ளிக்கு உடலமைப்பைத் தருகின்றன.

மூன்றாவது தொகுதி, புள்ளி எந்தக் கதிரில் தோன்ற வேண்டும் என்பதைத் தீர்மானிக்கிறது. இதுவே மிக நுட்பமானது என்பது என் எண்ணம். இதே இனத்தின் வேறு சில வடிவங்களில் எல்லாக் கதிர்களிலும் புள்ளி இருப்பதால் அது பூவைச் சுற்றி ஒரு வளையமாகவே தெரிகிறது. ஒன்றிரண்டாக, ஒழுங்கற்றுத் தோன்றும்போதுதான், எங்கிருந்தோ பறந்து வந்த ஈ அப்போதுதான் அங்கே அமர்ந்தது போலிருக்கிறது.