வாரிசு வேலையா, பரிவுப் பணியா?

பினாங்கில் எங்கள் அடுக்குமாடியில் வசிக்கும் அக்கா ஒருவர், தமிழ்நாட்டிலுள்ள தம் தங்கை மகளுக்கு ஓர் அரசு அலுவலகத்திலிருந்து வந்த கடிதத்தைக் கைப்பேசியில் காட்டினார். கருணை அடிப்படையிலான பணி நியமனம் கோரும் விண்ணப்பம் காலங்கடந்து வந்ததால் நிராகரிக்கப்படுகிறது என்று அதில் இருந்தது. “வாரிசு வேலைதானே தம்பி, அப்பா பார்த்த வேலையை எப்போது கேட்டாலும் கொடுக்க வேண்டியதுதானே?” என்றார். அவருடைய குழப்பத்தின் வேர் அந்த ‘வாரிசு’ என்ற சொல்லிலேயே இருக்கிறது.

அரசு ஊழியர் பணியில் இருக்கும்போதே இறந்துவிட்டால், வருமானம் திடீரென நின்றுபோன அக்குடும்பத்தில் ஒருவருக்குப் போட்டித் தேர்வு இல்லாமல் வேலை கொடுப்பதையே இந்தியாவில் கருணை அடிப்படையிலான நியமனம் என்கிறார்கள். மக்கள் வாயில் அது வாரிசு வேலை. வாரிசு அரபியிலிருந்து வந்த சொல். சொத்தை மரபுரிமையாகப் பெறுபவர் என்பது பொருள். மலாய் ‘வாரிஸ்’ என்பதும் அதுவே. இங்கு மருத்துவமனைப் படிவத்தில் ‘வாரிஸ்’ என்ற இடத்தில் நெருங்கிய உறவினரின் பெயரை எழுதுகிறோம். ஆனால் அரசுப் பணி சொத்தாக இறங்குவதில்லை. இந்திய அரசியலமைப்பின் 16(2) பிரிவு, அரசு வேலையில் வம்சாவளியின் பெயரால் பாகுபாடு காட்டுவதையே தடுக்கிறது. 1994இல் உமேஷ் குமார் நாக்பால் வழக்கில் உச்ச நீதிமன்றம், இந்நியமனம் உரிமையாகக் கேட்டுப் பெறத்தக்கதன்று, குடும்பம் அப்போதைய நெருக்கடியைக் கடக்க உதவுவதே அதன் நோக்கம் என்று விளக்கியது. தமிழ்நாட்டில் இறப்பு நாளிலிருந்து 3 ஆண்டுகளுக்குள் விண்ணப்பிக்க வேண்டும் என்ற வரம்பும் இந்த நோக்கத்தை ஒட்டியதே. யார் குடும்பம் என்பதிலும் வழக்குகள் எழுந்தன. இரண்டாம் மனைவியின் மகன் என்ற ஒரே காரணத்துக்காக மறுக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2022இல் தீர்ப்பளித்தது. திருமணமான மகளை ஒதுக்கும் விதியைக் கர்நாடக உயர் நீதிமன்றம் 2020இல் ஏற்கவில்லை, அதுவே நியாயம்.

இனி ‘கருணை’. இது வடமொழிக் ‘கருணா’. மரண தண்டனை பெற்றவர் குடியரசுத் தலைவருக்கு எழுதுவதும் கருணை மனுதான். மேலிருப்பவர் மனமிரங்கித் தருவது என்ற நிறம் அதில் ஏறிவிட்டதால், எந்தத் தவறும் செய்யாத ஒரு விதவையின் விண்ணப்பத்துக்கு அச்சொல்லைச் சூட்டுவது எனக்குச் சற்றும் உவப்பாக இல்லை. மூலமான ‘கம்பேஷன்’ (compassion) என்ற ஆங்கிலச் சொல்லோ, ‘உடன் துன்புறுதல்’ என்ற லத்தீன் வேரிலிருந்து வந்தது. அதற்கு ஈடாகத் தமிழில் ‘இரங்கல்’ எனலாமென்றால், அது இறப்போடு சேர்ந்து நின்றுவிட்டது. திருக்குறளின் 58ஆம் அதிகாரமான ‘கண்ணோட்டம்’ இரக்கம் காட்டுவதைச் சொல்வது. “கருமம் சிதையாமல் கண்ணோட வல்லார்க்கு” என்று அதில் வரும் தொடர், தகுதி அடிப்படையிலான தேர்வு கெடாமல் பரிவு காட்ட வேண்டும் என்ற இன்றைய வழக்குகளின் சிக்கலுக்கே சொன்னதுபோல் இருக்கிறது. எனினும் கண்ணோட்டம் இன்று பார்வைக் கோணம் என்று பொருள் மாறிவிட்டது. ‘பரிவு’ அப்படியன்று. அன்பு, வருத்தம் என்ற இரு பொருளும் அதற்கு உண்டு. பிறர் துன்பத்தில் தானும் வருந்துவதே பரிவு. எனவே ‘பரிவுப் பணி நியமனம்’ என்பதே பொருந்தும் தமிழ் என்பேன்.

மலேசியாவில் பணியில் இறந்த ஓய்வூதியத் தகுதியுள்ள அரசு ஊழியரின் குடும்பத்துக்கு, 1980ஆம் ஆண்டு ஓய்வூதியச் சட்டத்தின்படி ‘பென்சென் தெர்பித்தான்’ என்ற குடும்ப ஓய்வூதியம் வருகிறது. அதைப் பார்த்துப் பழகிய அக்காவுக்கு, இறந்தவரின் வேலையும் அவ்வாறே தானாக வரும் என்று தோன்றியதில் வியப்பில்லை.

மேல்முறையீட்டு மனுவை எழுத உட்கார்ந்தபோது, “வாரிசு என்ற உரிமையில்” என்று தங்கை மகள் தொடங்கியிருந்த முதல் வரியை அடித்துவிட்டேன். அந்த இடத்தில் தாயின் மருந்துச் செலவையும், இன்னும் அடையாத வீட்டுக் கடனையும், விண்ணப்பம் தாமதமானதன் காரணத்தையும் எழுதினோம்.