தேரி மணலும் ‘ட்யூன்’ மணலும்

‘ட்யூன்: பார்ட் டூ’ (2024) படத்தில் நாயகன் பால் (Paul) முதன்முதலாக ராட்சத மணற்புழுவின் மேல் ஏறும் காட்சி அற்புதம். புழு மணல்மேட்டைக் கிழித்துக்கொண்டு வர, அவன் நிற்கும் முகடு சரிந்து, மணலோடு மணலாக அவனும் விழுகிறான். காய்ந்த மணல் நிஜத்திலும் அப்படித்தான் சரியும். சுமார் 34 பாகைச் சரிவு வரைதான் அது நிற்கும். மணல்மேடு இடம் மாறுவதற்கும் இந்தச் சரிவு ஒரு காரணம்.

காற்று மணலைத் தூசிபோல உயரே தூக்கிப் போவதில்லை. ஒரு மணியைக் கொஞ்சம் எழுப்பும். அது முன்னே பாய்ந்து விழும். விழுந்த வேகத்தில் வேறு சில மணிகளைக் கிளப்பிவிடும். பிரிட்டிஷ் ராணுவ அதிகாரி ரால்ஃப் பேக்னால்டு இதை ஆராய்ந்து 1941-ல் புத்தகமாகவே எழுதினார். இப்படித் தாவித் தாவி முகட்டுக்கு ஏறும் மணல், மறுபக்கக் காற்றுமறைவில் குவிந்து, தாங்காமல் சரியும். பின்பக்கம் கரைய முன்பக்கம் வளர, மேடு மெல்ல நகரும்.

ஆடி மாதம் தூத்துக்குடி மாவட்டத்தின் செம்மணல்காடான குதிரைமொழித் தேரிக்குப் போனால் இதைக் காலிலேயே உணரலாம். ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியாக வரும் மேல்காற்றில், அதாவது மேற்குக் காற்றில், செம்மணல் தரையை ஒட்டியே ஓடும். கெண்டைக்கால் சுள்ளென்று எரியும். முகத்துக்கு அவ்வளவாக வராது. (இரும்பு ஆக்ஸைடு பூசிய மணிகள், அதனால்தான் அந்தச் சிவப்பு.)

சரி, தரையோரம் ஓடுவதைத் தரையோரமாகவே மறித்தால் போதுமே. செடி இருந்தால் அங்கே காற்றின் வேகம் குறையும். தாவி வரும் மணி அதில் மோதி விழும், அடுத்ததைக் கிளப்பாது. தரையோடு கிளை பரப்பும் கொல்லாமரம் (முந்திரி) இதற்கு ரொம்பத் தோது. ஓங்கிய பனையைவிட, அடியிலேயே ஓலை விரித்து நிற்கும் வடலி, அதாவது இளம்பனை, கெட்டி.

படத்துக்கு மூலமான ‘ட்யூன்’ நாவலின் விதையும் இதே விஷயம்தான். 1957-ல் ஃபிராங்க் ஹெர்பர்ட், அமெரிக்காவின் ஒரிகன் கடற்கரையில் புல் நட்டு மணல்மேடுகளை நிறுத்தும் அரசுத் திட்டத்தைப் பற்றிக் கட்டுரை எழுதப் போனார். கட்டுரை வெளிவரவில்லை, 1965-ல் நாவல் வந்தது. மேல்காற்றுக்குக் குறுக்கே நிற்கும் மேடுகளில் முதலில் புல் நட வேண்டும் என்று அதன் பின்னிணைப்பில் விவரமாகவே இருக்கிறது.

படமோ, பாலைவனக் கிரகத்தைப் பசுமையாக்கவென இறந்தவர்களின் நீரைச் சேர்த்த குளத்தைக் காட்டிவிட்டுப் போருக்குப் போய்விடுகிறது. எனக்கு அது பெரிய குறை. ஜோர்டானிலும் அபுதாபியிலும் நிஜ மணலில் எடுத்த இயக்குநர் டெனி வில்நவ், ஒரு புல்லின் மறைவில் மணல் தங்குவதை அரை நிமிஷமாவது காட்டியிருக்கலாம்.