பூட்டும் சாவியும் ஒரே டப்பாக்குள்ள

கொழிஞ்சாம்பாறைல இருக்குற என் மாமா பையன்கிட்ட ஒரு பிஎஸ்பி இருந்துச்சு, சோனியோட கைல வச்சு ஆடற கேம் கன்சோல். டிஸ்க் ஒண்ணுகூட கெடையாது, ஆனா மெமரி ஸ்டிக்ல கேம் ரொம்பி வழியும். எப்படி மாப்ளன்னு கேட்டா, பாலக்காட்டுல கடைக்கார சேட்டன் ஏத்திக் குடுத்தாருன்னு சொல்லிட்டு மறுபடி கேம்ல மூழ்கிடுவான். சேட்டன் என்ன பண்ணாருன்னு எனக்குப் புரிய பல வருஷம் ஆச்சு.

காப்பி அடிச்ச கேம் ஓடாம இருக்க கன்சோல்ல காவல் ரெண்டு. ஓணம் நெருங்குனா தமிழ்நாடு கேரளா எல்லைல மீனாட்சிபுரம் செக்போஸ்ட்ல பால் டேங்கரா வரிசை கட்டி நிக்கும்ல, அதையே வச்சுக்குங்க. மூடிய பூட்டி உள்ள இருக்கறது யாருக்கும் தெரியாம வைக்கறது என்கிரிப்ஷன். மூடி மேல கம்பெனி சீல், வழியில எவனும் தண்ணி கலக்கலங்கறதுக்கு, அது டிஜிட்டல் சிக்னேச்சர். கன்சோல் சிப் ரெண்டையும் பாத்துட்டுதான் கேம ஓட விடும்.

சிக்கல் எங்கன்னா, பூட்டுன கேம அந்த கன்சோலே தெறக்கணும், அப்ப சாவியும் (சாவின்னா இங்க ஒரு நீளமான நம்பர்தான்) அதுக்குள்ளயே இருக்கணும். யாருக்குத் தெரியக்கூடாதோ அவன் கைலயே பூட்டு சாவி ரெண்டையும் காசு வாங்கிட்டுக் குடுக்கறோம்! சிக்னேச்சர் கொஞ்சம் புத்திசாலி, சீல் போடற ரகசிய சாவி கம்பெனிலயே இருக்கும், கன்சோல்ல சரிபாக்கற சாவி மட்டும்தான்.

ஆனா சேட்டன் எந்த சாவியையும் தேடல. 2007ல ஒரு வித்தை வெளிய வந்துச்சு, பேட்டரிக்குள்ள இருக்குற சீரியல் நம்பர மாத்தி எழுதுனா, பிஎஸ்பி அத சர்வீஸ் சென்டர் பேட்டரின்னு நெனச்சு மெமரி ஸ்டிக்ல இருந்தே பூட் ஆகும். அங்கயும் ஒரு செக்கிங் உண்டு, அதுலயும் ஓட்டை கண்டுபிடிச்சுட்டாங்க. அப்புறம் சீலே கேக்காத ஃபர்ம்வேர, அதாவது கன்சோல இயக்கற அடிப்படை சாஃப்ட்வேர, ஏத்திட வேண்டியதுதான், அதாவது டேங்கர விட்டுட்டு செக்போஸ்ட் ஆபீசரையே மாத்திட்டாரு.

சாவி மாட்டுன கதை அதவிட சுவாரசியம். சோனியோட டிவில மாட்டி ஆடற பிஎஸ்3 கன்சோல்ல ஒவ்வொரு சிக்னேச்சருக்கும் புதுசா ஒரு ரேண்டம் நம்பர் போட்டிருக்கணும், அவங்க ஒரே நம்பரையே திரும்பத் திரும்ப போட்டுட்டாங்க. ஒரு சிக்னேச்சர்ங்கறது ஒரு சமன்பாடு மாதிரி, தெரியாதது ரெண்டு, ரேண்டம் நம்பரும் ரகசிய சாவியும். நம்பர் மாறிட்டே இருந்தா எத்தன சிக்னேச்சர் கெடச்சாலும் பிரயோஜனமில்ல, அதே நம்பர்னா ரெண்டு சமன்பாடு, ரெண்டு தெரியாதது, பத்தாங்கிளாஸ் கணக்கு, சாவி வந்து விழுந்துடும். 2010 டிசம்பர்ல பெர்லின்ல நடந்த ஹேக்கர் மாநாட்டுல ஃபெயில்ஓவர்ஃப்ளோ டீம் இத மேடைலயே காட்டுனாங்க. பிஎஸ்3ய தொறந்து பாத்தா, பிஎஸ்பி கேம ஓட்டறதுக்காக பிஎஸ்பி சாவிகளும் அதுக்குள்ளயே வச்சிருக்காங்க. போதாததுக்கு அது பூட்டறதுக்கும் தெறக்கறதுக்கும் ஒரே சாவிங்கற ஏஇஎஸ் வகை, பிஎஸ்பில சீல் குத்தறதுக்கும் சரிபாக்கறதுக்கும்கூட அதே மாதிரி ஒரே சாவிதான், அதனால 2011 ஜனவரிலயே யார் வேணாலும் சொந்த புரோகிராமுக்கு சோனி சீல் குத்தலாம்னு ஆயிடுச்சு. அண்ணன் வீட்டுப் பூட்ட ஒடைச்சா உள்ள தம்பி வீட்டு சாவி!

நின்டெண்டோ கம்பெனியோட ஸ்விட்ச் கன்சோல் கதை 2018ல. அதோட டெக்ரா சிப்ல மொத மொத ஓடற கோடுலயே தப்பு, யூஎஸ்பி வழியா அளவுக்கு மீறி டேட்டா கேட்டா உள்ள பூந்துடலாம். அந்தக் கோடு சிப்ல ஃபேக்டரிலயே பதிஞ்சது, வித்தப்புறம் அப்டேட் விட்டு சரி பண்ண வழியில்ல, புதுசா செஞ்சதுல மட்டும்தான் அடைச்சாங்க. அதனாலதான் பழைய ஸ்விட்ச் வாங்கறவங்க வெலைய கேக்கறதுக்கு முன்னாடி சீரியல் நம்பர கேக்கறாங்க, ஓட்டை இருக்கறதா அடைச்சதான்னு அத வச்சு தெரிஞ்சுக்கலாம்.