ஒரு கிலோ விறகுக்கு எத்தனை கிலோ ஸ்டீம்?

பாய்லர் வாங்கப் போகிறவர்கள் என்னைக் கூப்பிட்டுக் கேட்பது பெரும்பாலும் இரண்டே கேள்விதான். எத்தனை டன் போடலாம்? என்ன விலைக்கு முடிக்கலாம்? திருப்பூர், பெருந்துறை, ஈரோடு பக்கம் சாயப்பட்டறைகளுக்கு எரிசக்தித் தணிக்கை செய்வது என் தொழில். விலையில் இரண்டு லட்சம் குறைப்பதற்காக மாதக்கணக்கில் பேசுகிறவர்கள், அந்த பாய்லர் இனி தின்னப்போகும் விறகைப் பற்றி ஒரு நாள்கூடப் பேசுவதில்லை. பார்க்கும்போதெல்லாம் மனசு கேட்பதில்லை.

கணக்கை ஒரு தடவை போட்டுப் பாருங்கள். மணிக்கு 3 டன் ஸ்டீம் தரும் பாய்லர் ஒன்று. சராசரியாக 60 சதவீத லோடு, அதாவது முழுத் திறனில் 60 சதவீதம், நாளைக்கு 20 மணி நேரம், வருடத்தில் 300 நாள் ஓடுகிறது என்று வைத்துக்கொள்வோம். ஆண்டுக்கு 10,800 டன் ஸ்டீம். ஒரு கிலோ விறகுக்கு 4 கிலோ ஸ்டீம் வந்தால் 2,700 டன் விறகு வேண்டும். டன் 5,000 ரூபாய் என்று கொண்டால் 1.35 கோடி. அதே பாய்லர் கிலோவுக்கு 3 கிலோ ஸ்டீம்தான் தருகிறது என்றால் விறகு 3,600 டன், செலவு 1.80 கோடி. வருடத்துக்கு 45 லட்சம் வித்தியாசம். பாய்லர் ஒரு தடவை வாங்குவது, விறகு தினமும் வாங்குவது.

சந்தையில் சொல்லும் ‘டன்’ என்ன என்பதையும் வாங்குகிறவர் தெரிந்துகொள்ள வேண்டும். கொட்டேஷனில் ‘எஃப் அண்ட் ஏ 100 டிகிரி’ என்று சிறிய எழுத்தில் இருக்கும். 100 டிகிரி தண்ணீரை 100 டிகிரி ஸ்டீமாக மாற்றுவதாக வைத்துச் சொன்ன அளவு அது. கிலோவுக்கு 540 கிலோகலோரி போதும். ஆனால் நம் பட்டறையில் 30 டிகிரி தண்ணீரை ஏற்றி, 10 கிலோ பிரஷரில் ஸ்டீம் எடுக்கிறோம். அதற்குக் கிலோவுக்கு 630 கிலோகலோரிக்கு மேல் வேண்டும். ஆக, 3 டன் பாய்லர் நிஜத்தில் சுமார் 2.55 டன்தான் தரும். ‘பாய்லர் இழுக்கவில்லை, 5 டன் போட்டுவிடலாம்’ என்ற பேச்சு இந்த இடத்தில்தான் ஆரம்பிக்கிறது. அதே பாய்லருக்கு 85 டிகிரியில் தண்ணீர் கொடுத்தால் 2.8 டன் வரும். விறகும் 8, 9 சதவீதம் குறையும். ஃபீட் வாட்டர், அதாவது பாய்லருக்குள் ஏற்றும் தண்ணீர், 6 டிகிரி ஏறினால் எரிபொருள் ஒரு சதவீதம் மிச்சம் என்பது தணிக்கைக்காரர்கள் எல்லாரும் கையில் வைத்திருக்கும் கணக்கு.

சரி, அந்த 85 டிகிரித் தண்ணீருக்கு எங்கே போவது? சாய மிஷினுக்குள் காயிலில் (சுருள் குழாயில்) போன ஸ்டீம், சூட்டைக் கொடுத்துவிட்டுக் கொதிக்கக் கொதிக்கத் தண்ணீராக வெளியே வருகிறது. கன்டன்சேட் என்கிறோம். உப்பு இல்லாத, கடினத்தன்மையை நீக்கும் சாஃப்ட்னர் தேவைப்படாத, ஏற்கெனவே காசு கொடுத்துச் சூடாக்கிய தண்ணீர். நிறையப் பட்டறைகளில் மிஷின் வரிசைக்குப் பின்னால் போய்ப் பார்த்தால், அது புகையப் புகைய வடிகாலில் ஓடிக்கொண்டிருக்கும். கேட்டால் ஒரு காரணம் சொல்வார்கள்: காயிலில் ஓட்டை விழுந்தால் சாயம் கலந்து பாய்லருக்குள் போய்விடுமே. நியாயமான பயம்தான். அதற்கு கன்டன்சேட் பாய்லருக்குத் திரும்பும் ரிட்டர்ன் லைனில், தண்ணீரில் உப்பு கலந்தால் காட்டிக்கொடுக்கும் ஒரு கன்டக்டிவிட்டி மீட்டரும், அளவு ஏறினால் தண்ணீரைத் தானே வடிகாலுக்குத் திருப்பிவிடும் வால்வும் வைத்தால் போதும். என்றாவது வரக்கூடிய ஓட்டைக்குப் பயந்து தினமும் வெந்நீரைக் கொட்டுவது சரியான வழி இல்லை.

திருப்பூரில் இதற்கு இன்னொரு விலையும் உண்டு. நொய்யல் ஆறு மாசுபட்ட வழக்கில் 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னது நம் எல்லாருக்கும் நினைவிருக்கும். அதற்குப் பிறகு சொட்டுக் கழிவுநீரும் வெளியே போகக் கூடாது என்ற ஏற்பாட்டில்தான் இங்கே தொழில் நடக்கிறது. கழிவுநீரை ஆர்.ஓ.வில் சுத்தம் செய்து, மிஞ்சும் உப்புத் தண்ணீரை எவாப்பரேட்டரில் காய்ச்சுகிறோம். அந்த எவாப்பரேட்டருக்கும் ஸ்டீம் வேண்டும், அதற்கும் விறகு வேண்டும். வடிகாலில் விட்ட கன்டன்சேட் கழிவுநீரோடு சேர்ந்து, சுத்திகரிப்புக்கான சுமையாகத் திரும்பி வருகிறது. நல்ல தண்ணீரைக் கொட்டிவிட்டு, அதையே மறுபடி சுத்தம் செய்யக் காசு கொடுக்கிறோம்.

மிஷின் பின்னால் போனதும் நான் அடுத்துப் பார்ப்பது ஸ்டீம் ட்ராப்பின் பைபாஸ் வால்வை. ஸ்டீமைப் பிடித்துவைத்துக் கன்டன்சேட்டை மட்டும் வெளியே விடுவது ட்ராப்; அதைச் சுற்றிப் போகும் வழியில் இருப்பது பைபாஸ் வால்வு. பாதி திறந்தே இருக்கும். மிஷினில் சூடு சீக்கிரம் ஏறவில்லை என்றால் ஆபரேட்டர் முதலில் கை வைப்பது அதில்தான், ஏனென்றால் அவருக்கு அந்த பேட்ச் துணி நேரத்துக்கு இறங்க வேண்டும். பெரும்பாலும் இரண்டு மிஷினுக்கு ஒரே ட்ராப் மாட்டியிருப்பார்கள், அல்லது ட்ராப் அடைத்திருக்கும். தண்ணீர் தேங்கி நின்ற காயில் சூடேறாது. பைபாஸைத் திறந்தால் தண்ணீரோடு ஸ்டீமும் கிளம்பிவிடும். 7 கிலோ பிரஷரில் 3 மில்லிமீட்டர் ஓட்டை வழியாகவே மணிக்குச் சுமார் 30 கிலோ ஸ்டீம் போகும். பாதி திறந்த வால்வில் என்ன போகும் என்று யோசித்துப் பாருங்கள். ஆபரேட்டரைத் திட்டிப் பயனில்லை. மிஷினுக்கு ஒரு ட்ராப் போட்டுக் கொடுத்தால் அவர் பைபாஸைத் தொடவே மாட்டார்.

விறகுக்கு வருவோம். எடைமேடையில் லோடு ஏறுகிறது, எடைக்குக் காசு கொடுக்கிறோம். பச்சையாக வெட்டி வந்த சீமைக்கருவேல மரத்தில் 40 சதவீதம் ஈரம் இருப்பது சாதாரணம். அப்படியானால் ஒரு டன் லோடில் விறகு 600 கிலோ, தண்ணீர் 400 கிலோ. தண்ணீருக்கும் விறகு விலை கொடுத்தாயிற்று. அதோடு முடிந்ததா என்றால் இல்லை. அந்த 400 கிலோ தண்ணீரை ஆவியாக்கிச் சிம்னி வழியாக அனுப்ப, சுமார் 60 கிலோ காய்ந்த விறகின் சூடு செலவாகிறது. ஈரம் பார்க்கும் மீட்டர் கைக்கு அடக்கமாகக் கடையில் கிடைக்கிறது. கட்டையைப் பிளந்து உள்பக்கம் குத்திப் பார்க்க வேண்டும், மேல்பட்டை காய்ந்துதான் இருக்கும். அளந்த ஈரத்துக்கு ஏற்ப விலை பேசுங்கள். இடம் இருந்தால் தகரக் கூரைக்கு அடியில், காற்றுப் போக இடைவெளி விட்டு அடுக்கி, முதலில் வந்ததை முதலில் எரியுங்கள். மழைக்காலத்தில் திறந்தவெளியில் நனைந்த குவியலை அப்படியே அள்ளி அடுப்பில் போடுவதைப் பார்த்தால் எனக்குப் பொறுக்காது.

கட்டையின் நீளத்தையும் கவனியுங்கள். அடுப்பை விட நீளமான கட்டை பாதி வெளியே நீட்டிக்கொண்டிருக்கும், கதவை மூட முடியாது. புகையை இழுத்துச் சிம்னிக்கு அனுப்பும் ஐ.டி. ஃபேன் அந்த வழியாக வெளிக்காற்றை உறிஞ்சும். சிம்னிப் புகையில் ஆக்ஸிஜனை அளந்தால் 14 சதவீதம் காட்டும். தேவைக்கு மேல் 200 சதவீதம் அதிகக் காற்று உள்ளே போகிறது என்று அர்த்தம். அத்தனை காற்றையும் இலவசமாகச் சூடாக்கி வானத்துக்கு அனுப்புகிறோம். கட்டையை அளவாக வெட்டிக் கதவை மூடி, காற்றின் அளவைக் கட்டுப்படுத்தும் டேம்பரைச் சரி செய்தால் ஆக்ஸிஜனை 7, 8 சதவீதத்துக்குக் கொண்டு வந்துவிடலாம்.

பாய்லர் டியூபில் தண்ணீர்ப் பக்கம் ஒரு மில்லிமீட்டர் உப்புப் படிந்தால் எரிபொருள் 5 முதல் 8 சதவீதம் கூடும். சிம்னி வெப்பநிலை வாராவாரம் ஏறிக்கொண்டே போனால் டியூபைத் திறந்து பாருங்கள். இதை எல்லாரும் சொல்வார்கள், நானும் சொல்லிவிட்டேன்.

‘வருடா வருடம் இன்ஸ்பெக்டர் வந்து பார்த்துச் சான்று கொடுக்கிறாரே’ என்று சிலர் கேட்பார்கள். அவர் பார்ப்பது பாதுகாப்பை. 1863இல் கல்கத்தாவில் பாய்லர் வெடித்து உயிர்கள் போன பிறகுதான் நம் நாட்டில் பாய்லருக்குச் சட்டம் வந்தது. 1923 சட்டத்துக்குப் பதிலாக இப்போது வந்திருக்கும் பாய்லர்கள் சட்டம் 2025இன் நோக்கமும் உயிர்ப் பாதுகாப்புதான். அது அவசியம். விறகுச் செலவைக் கேட்பது அந்தச் சான்றின் வேலை இல்லை. எரிசக்திச் சேமிப்புச் சட்டம் 2001இன் கீழ் கட்டாயத் தணிக்கை இருக்கிறது, ஆனால் ஜவுளித் துறையில் அது ஆண்டுக்கு 3,000 டன் எண்ணெய்க்குச் சமமான எரிசக்தி செலவிடும் பெரிய ஆலைகளுக்கு. மேலே கணக்குப் போட்ட 3 டன் பாய்லர்க்காரரை யாரும் வந்து கேட்கப் போவதில்லை. அவரேதான் கேட்டுக்கொள்ள வேண்டும்.

அதற்கு வேண்டியது ஃபீட் பம்ப் லைனில் ஒரு தண்ணீர் மீட்டர், விறகுக்கு ஒரு தராசு, ஒரு நோட்டு. ஷிஃப்ட் முடியும்போது ஆபரேட்டர் இரண்டு எண்ணை எழுதட்டும்: பாய்லருக்குள் போன தண்ணீர், அடுப்புக்குள் போன விறகு. புளோ டவுனில், அதாவது உப்புச் சேராமலிருக்கப் பாய்லரிலிருந்து திறந்துவிடும் தண்ணீரில், போனதைக் கழித்துவிட்டு, மீதித் தண்ணீரை விறகால் வகுத்தால் தலைப்பில் இருக்கும் கேள்விக்குப் பதில் வந்துவிடும். புது பாய்லர் வாங்குவதாக இருந்தால் சப்ளையரிடமும் இந்த எண்ணை எழுதி வாங்குங்கள். எந்த ஈரத்தில், எந்த ஃபீட் வாட்டர் வெப்பநிலையில், எந்த லோடில் என்று சேர்த்து எழுதி வாங்குங்கள். முழு லோடில் மட்டும் தரும் உத்தரவாதம் 60 சதவீத லோடில் ஓடும் பட்டறைக்கு உதவாது.