வீர்-சாரா பார்த்துவிட்டு எல்லைக்குக் கிளம்பாதீர்கள்

சென்ற மாதம் என் டெல்லி வழக்குரைஞர் அலுவலகத்துக்கு ஒரு தாயும் தந்தையும் 23 வயது மகனை அழைத்து வந்தார்கள். இணைய விளையாட்டில் பழகிய லாகூர்ப் பெண்ணைப் பார்க்கப் புறப்பட்டவன், ராஜஸ்தான் எல்லைக்குச் சற்று முன்னால் காவல்துறையிடம் அகப்பட்டுத் திரும்பியிருக்கிறான். 'வீர்-சாரா' படத்தை மனதில் வைத்து அவன் என்னிடம் கேட்டது ஒன்றுதான்: "22 ஆண்டு கழித்தாவது வீரும் சாராவும் சேர்ந்தார்கள் அல்லவா, மேடம்?"

இந்த ஆண்டில் இப்படி வந்த மூன்றாவது குடும்பம் இது. இனியும் எழுதாமல் இருக்க முடியாது.

இந்திய விமானப்படை வீரன் வீரும் பாகிஸ்தான் பெண் சாராவும் காதலிக்கும் கதை, யஷ் சோப்ராவின் 2004ஆம் ஆண்டு இந்திப் படமான 'வீர்-சாரா'. அது எனக்கும் பிடிக்கும். மறைந்த இசையமைப்பாளர் மதன் மோகன் விட்டுச்சென்ற மெட்டுகளைக் கேட்டு அரங்கில் நானும் அழுதிருக்கிறேன். ஆனால் வெளிநாட்டுச் சிறைவாசிகளின் வழக்கு நடத்துபவளாகப் பார்க்கையில், சாராவைத் தேடிப் போய்ப் பாகிஸ்தானில் கைதான வீர் பொய் வாக்குமூலத் தாளில் கையெழுத்திடும் காட்சியில் எனக்கு வயிறு கலங்குகிறது. தன் பெயர் ராஜேஷ் ராத்தோர், தான் ஓர் உளவாளி என்று ஒப்புக்கொண்டுவிட்டுப் பல ஆண்டுகள் வாய் திறக்காமல் கிடக்கிறான். நம் பிள்ளைகள் அதைத் தியாகம் என்று போற்றுகிறார்கள். அப்படி ஒரு கையெழுத்து கோப்பில் ஏறிவிட்டால், அதை உடைக்க வழக்குரைஞருக்குப் படத்தில் வருவது போன்ற ஓர் உருக்கமான உரை போதாது.

என்னை மிகவும் வாட்டும் நம்பிக்கை வேறொன்று: "காதலுக்காகத்தான் வந்தேன் என்று சொன்னால் விட்டுவிடுவார்கள்." விடமாட்டார்கள். உரிய ஆவணமின்றி எல்லைக்குள் கால் வைத்த நொடியிலேயே குற்றம் முழுமையாகிவிடுகிறது. எதற்காக வந்தீர்கள் என்பது அதன் பிறகுதான். இந்தியச் சட்டத்திலேயே அப்படி நுழையும் வெளிநாட்டவருக்கு ஐந்து ஆண்டுவரை சிறை உண்டு. அதைவிட, விசாரணை அதிகாரியின் நாற்காலியில் இருந்து யோசித்துப் பாருங்கள். முகம் பார்க்காத பெண், சில மாத உரையாடல், திருட்டுத்தனமான பயணம்: உளவாளிக்குச் சொல்லிக்கொடுத்த கதையும் இப்படித்தானே இருக்கும்? நீங்கள் உண்மையைச் சொல்லச் சொல்ல அவருடைய சந்தேகம் வலுக்கும்.

மும்பை இளைஞர் ஒருவர் 2012இல் இணையத்தில் அறிமுகமான பெண்ணுக்காக ஆப்கானிஸ்தான் வழியே பாகிஸ்தானின் கோஹாட் நகருக்குப் போனார். கையில் இருந்தது போலி அடையாள அட்டை. ராணுவ நீதிமன்றம் விதித்தது மூன்று ஆண்டுச் சிறை. அவர் வாகா எல்லை வழியாக வீடு திரும்பியது 2018 டிசம்பரில். கைதான பின் நெடுங்காலம் அவர் எங்கே இருக்கிறார் என்பதே பெற்ற தாய்க்குத் தெரியாது.

திருமணம் செய்துகொண்டால் எல்லாம் சரியாகிவிடும் என்பவர்களுக்கும் சொல்கிறேன்: திருமணம் குடியுரிமை தராது. இந்தியரை மணந்தவர் இங்கே ஏழு ஆண்டு வசித்த பிறகுதான் அதற்கு விண்ணப்பிக்கவே முடியும்.

2025 ஏப்ரலில் காஷ்மீரின் பஹல்காமில் நடந்த தாக்குதலுக்குப் பின் பஞ்சாப் எல்லையிலுள்ள அட்டாரி சோதனைச் சாவடியை மூடினார்கள், விசாக்களை ரத்து செய்தார்கள். நேர்வழி அடைபட்டதும் குறுக்குவழி காட்ட முகவர்கள் வருகிறார்கள். ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள். பாதுகாப்புப் படைகளில் பணியில் இருப்பவர்கள் எல்லைக்கு அப்பாலிருந்து வரும் அறிமுகமற்ற அழைப்பை அன்றே மேலதிகாரியிடம் சொல்லிவிடுங்கள். படத்தின் வீர்கூட விமானப்படையை விட்டு விலகிய பிறகுதான் போகிறான்.

பெற்றோரே, பிள்ளை காணாமல் போனால் மானம் பார்த்துக்கொண்டு வீட்டுக்குள் உட்காராதீர்கள். அன்றைக்கே காவல் நிலையத்தில் புகார் கொடுங்கள். பாஸ்போர்ட், ஆதார், பள்ளிச் சான்றிதழ் நகல்களைத் தனியே எடுத்து வையுங்கள். இரு நாடுகளும் 2008இல் செய்த ஒப்பந்தப்படி ஜனவரி 1, ஜூலை 1 தேதிகளில் கைதிகள் பட்டியல் கைமாறுகிறது; கைதானவரைத் தூதரக அதிகாரி மூன்று மாதத்துக்குள் சந்திக்க வழி இருக்கிறது. ஆனால் இவர் எங்கள் நாட்டவர் என்று அரசு உறுதி செய்தால்தான் சிறைக்கதவு திறக்கும். தண்டனை முடிந்தும் அந்த ஒரு தாளுக்காக உள்ளே காத்திருப்பவர்கள் இரண்டு பக்கமும் உண்டு.

காதலிப்பவர்களைக் கைகூப்பிக் கேட்கிறேன். நீங்கள் பிடிபட்டால் அந்தப் பெண்ணின் வீட்டுக் கதவையும் தட்டுவார்கள், அவள் கைப்பேசியையும் பறிப்பார்கள். இருவரிடமும் பாஸ்போர்ட் இருந்தால், முறையான விசாவோடு மூன்றாவது நாடொன்றில் குடும்பத்தாருடன் சந்தியுங்கள். அதற்குப் பணமும் காலமும் ஆகும். அதுவரை தொலைபேசியில் பேசிக்கொண்டிருங்கள்.